மூஞ்சியும் முகவரியும்: பீட் பாசில்த்வெயிட்டை முன்வைத்துச் சில குறிப்புகள்

1

தமிழில் 'முகம்' என்பதற்கும் 'மூஞ்சி' என்பதற்கும் நடுவில் ஒரு வர்க்க வித்தியாசம் இருக்கிறது. முகம் மலரும், வாடும், ஒளிரும். மூஞ்சியைக் கழுவலாம், காட்டலாம், தூக்கி வைத்துக்கொள்ளலாம். அதற்கு மேல் அதற்கு மரியாதை கிடையாது. சினிமாத் தொழிலும் இந்த இரண்டையும் கறாராகப் பிரித்து வைத்திருக்கிறது. நட்சத்திரத்துக்கு இருப்பது முகம். மற்றவனுக்கு இருப்பது மூஞ்சி. இந்த மூஞ்சிக்காரர்களுக்கு நாம் கொடுத்திருக்கும் கௌரவமான பெயர்தான் 'குணச்சித்திர நடிகர்'.

இந்தச் சொல்லையே கொஞ்சம் கட்டவிழ்த்துப் பார்க்கலாம். நட்சத்திரத்துக்குக் கதை இருக்கிறது. அவன் காதலிக்கிறான், தோற்கிறான், மாறுகிறான். குணச்சித்திர நடிகருக்குக் கதை இல்லை, ஒரு 'குணம்' மட்டும் உண்டு. கோபக்காரத் தகப்பன், விசுவாசமான வேலையாள், காட்டிக்கொடுக்கும் குமாஸ்தா. மூன்று காட்சிகளில் வந்து போகிறவருக்குத் தன்னை விளக்கிக்கொள்ள நேரம் கொடுக்கப்படுவதில்லை. கதவைத் திறந்து உள்ளே வந்ததுமே அவர் யார் என்று பார்வையாளருக்குப் புரிந்துவிட வேண்டும். எனவே விளக்குகிற வேலையை மூஞ்சி செய்ய வேண்டியிருக்கிறது. ஏற்கனவே வாசிக்கப்பட்டுவிட்ட ஒரு மூஞ்சியைத்தான் தொழில் தேடுகிறது.

1953இல் வந்த 'ஜூலியஸ் சீசர்' படத்தில் எல்லா ரோமானியர்களின் நெற்றியிலும் முடிக்கற்றை தொங்குவதை ரோலண்ட் பார்த் கேலி செய்தார். ரோமானியத் தன்மை முழுவதையும் அந்த முடியில் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள் என்பது அவரது வாதம். முடியை ஒட்ட வைக்கலாம், பிய்த்தும் எறியலாம். கன்ன எலும்பை என்ன செய்வது? பல்லை, மூக்கை, வாய் திறந்ததும் வெளியே வரும் ஊரை என்ன செய்வது? ஐசன்ஸ்டைன் தன் படங்களுக்கு நடிகர்களை விட்டுவிட்டுத் தெருவில் மனிதர்களைத் தேடினார். ஒரு முகத்தைப் பார்த்ததும் அதன் சமூக இடம் தெரிய வேண்டும் என்றார். அவரிடம் அது ஓர் அரசியல் முறை. வணிக சினிமாவின் கையில் அதே முறை ஒரு சரக்குப் பட்டியலாகிவிட்டது: திருடன் மூஞ்சி, தொழிலாளி மூஞ்சி, அந்நியன் மூஞ்சி.

பிரிட்டனில் இது இன்னும் கூர்மையானது. ஒருவர் பேசும் முதல் வாக்கியத்திலேயே அவரது வர்க்கமும் ஊரும் தெரிந்துவிடுகிற சமூகம் அது. 1950களின் கடைசி வரை அங்குள்ள சினிமாவில் வடக்கு இங்கிலாந்துப் பேச்சு என்றால் பெரும்பாலும் வேலைக்காரர், சிப்பாய், இல்லையென்றால் சிரிப்பு. 1960இல் 'சாட்டர்டே நைட் அண்ட் சண்டே மார்னிங்' வந்த பிறகு ஆல்பர்ட் ஃபின்னி மாதிரியான வடக்கத்தியர்கள் கதாநாயகர்களானார்கள், உண்மைதான். ஆனால் ஃபின்னி அழகர். அழகில்லாத தொழிலாளி மூஞ்சி அப்போதும் வாசற்படியில்தான் நின்றது.

அந்த வாசற்படியில் நின்றவர்களில் ஒருவர் பீட் பாசில்த்வெயிட் (1946–2011). புடைத்த கன்ன எலும்பு, உடைந்த மாதிரியான மூக்கு, உள்ளே போன கண்கள். இந்த மூஞ்சி எங்கே உருவாயிற்று, யார் யார் அதைக் கூலிக்கு எடுத்தார்கள், எப்போது அது தன் பொருட்டுப் பேசியது என்பதைப் பார்ப்பதுதான் இக்கட்டுரையின் நோக்கம். நம் மொழியில் இருப்பிடத்தைக் குறிக்கும் சொல் 'முகவரி'. முகத்தில் வரிகளும் உண்டு, அந்த வரிகளுக்கு ஓர் ஊரும் உண்டு. பாசில்த்வெயிட்டின் நடிப்பு வாழ்க்கையை அந்த முகவரி இருந்த இடங்கள், அழிக்கப்பட்ட இடங்கள் என்று பிரித்து வாசிக்க முடியும் என்று தோன்றுகிறது.

2

வாரிங்டன், லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் இடையில் மெர்சி நதிக்கரையில் உள்ள தொழில் நகரம். கம்பி ஆலைகளுக்குப் பேர் போனது. அங்கே ஒரு கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். தகப்பனார் பீப்பாய் செய்பவர்; மரம் அறுக்கும் இயந்திரத்திலும் வேலை பார்த்தார், பள்ளிக்கூடத்தைப் பராமரிக்கும் ஆளாகவும் இருந்தார். மகன் ஆசிரியர் பயிற்சி முடித்து மான்செஸ்டரில் ஒரு கத்தோலிக்கப் பெண்கள் பள்ளியில் நாடகமும் உடற்பயிற்சியும் சொல்லிக்கொடுத்தார். அதை விட்டுவிட்டுத்தான் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளிக்குப் போனார். பீப்பாய்க்காரர் மகன் நடிகனாவதற்குத் தனிமனிதத் திறமை மட்டும் போதாது. சம்பளம் வருகிற வேலையை விட்டுவிட்டு ஒரு தொழிலாளி வீட்டுப் பையன் நாடகம் படிக்கப் போவதை யோசித்துப் பார்க்கவாவது முடிந்த ஒரு காலம் தேவைப்பட்டது. உள்ளூராட்சிகள் மாணவர்களுக்கு உதவித்தொகை கொடுத்த காலம் அது.

'திறமை இருந்தால் தானாக மேலே வந்துவிடுவான்' என்பது முதலாளியம் சொல்லும் தாலாட்டு. பாசில்த்வெயிட் வந்த வழியை அடுக்கிப் பார்த்தால் வேறொன்று தெரியும்.

முதலாவது, லிவர்பூலின் எவ்ரிமேன் தியேட்டர். 1964இல் ஹோப் தெருவில் ஆரம்பிக்கப்பட்டது. 1970களின் முதல் பாதியில் ஆலன் டாசர் அதன் இயக்குநராக இருந்தபோது, ஊர்க்காரர்களைப் பற்றி ஊர்க்காரர்களுக்காகப் போடும் நாடகங்கள் அதன் அடையாளமாயின. வில்லி ரஸ்ஸல், ஆலன் பிளீஸ்டேல் என்று உள்ளூர் எழுத்தாளர்கள் அங்கே எழுதினார்கள். ஜூலி வால்டர்ஸ், ஜோனதன் பிரைஸ், பில் நை, ஆன்டனி ஷெர் எல்லாரும் அந்தக் கூட்டத்தில் இருந்தவர்கள். ஒரு வேனில் ஏறி மதுக்கடைகளுக்கே போய் நாடகம் போட்ட குழு ஒன்றும் அங்கே இருந்தது. குடித்துக்கொண்டிருக்கிறவனைத் திரும்பிப் பார்க்க வைக்கிற நடிப்புக்குச் 'சூட்சுமம்' மட்டும் பத்தாது, தொண்டையும் வேண்டும். நிரந்தரக் குழுவாக இருந்து, இன்று ஒரு நாடகம் அடுத்த மாதம் இன்னொன்று என்று மாற்றி மாற்றிப் போடும் 'ரெபர்டரி' முறையில் ஒரே நடிகர் ராஜாவாகவும் வருவார், எடுபிடியாகவும் வருவார். குணச்சித்திர நடிகரை உருவாக்கும் பட்டறை இதுதான். பொதுப்பணம் இல்லாமல் இது நடக்காது.

இரண்டாவது, தொலைக்காட்சி. பிபிசியின் 'ப்ளே ஃபார் டுடே' வரிசை 1970 முதல் 1984 வரை 300க்கும் மேற்பட்ட தனி நாடகங்களை ஒளிபரப்பியது. 1981இல் அதே வரிசையில் வந்த பிளீஸ்டேலின் 'தி மஸில் மார்க்கெட்'டில் பாசில்த்வெயிட்டுக்கு மையப் பாத்திரம். மூன்றாவது, 1982இல் தொடங்கிய சேனல் ஃபோர். சின்னப் படங்களுக்குப் பணம் போட்டது. தாட்சர் அரசின் காலத்தில் அதே அரசு கொண்டுவந்த சட்டத்தால் பிறந்த ஒரு சேனல், தாட்சரியம் சிதைத்த வாழ்க்கைகளைப் படம் பிடிக்கப் பணம் கொடுத்தது. வரலாறு இப்படித்தான் ஒரு கையால் செய்வதை இன்னொரு கையால் மாற்றுகிறது.

பெயரைப் பற்றியும் ஒரு வார்த்தை. 'த்வெயிட்' என்பது வடக்கு இங்கிலாந்து ஊர்ப் பெயர்களில் வரும் பழைய ஸ்காண்டிநேவியச் சொல். காட்டை வெட்டித் திருத்திய நிலம் என்று பொருள். இவ்வளவு நீளப் பெயரை விளக்குப் போட்டு எழுதினால் தியேட்டர்காரருக்கு மின்சாரச் செலவு கட்டாது, மாற்றிக்கொள் என்று நண்பர்கள் கேலியாகச் சொன்னார்களாம். மாற்றவில்லை. பெயரை விற்காதவரால்தான் பின்னால் மூஞ்சியை ஓரளவாவது விற்காமல் இருக்க முடிந்தது என்று நாம் சொல்லிக்கொள்ளலாம்.

3

அவரை உலகம் கவனித்த முதல் பெரிய பாத்திரத்துக்குப் பெயரில்லை. டெரன்ஸ் டேவிஸ் இயக்கிய 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்' (1988). 1940கள், 50களின் லிவர்பூல். டேவிஸின் சொந்தக் குடும்பக் கதை. பாசில்த்வெயிட் அதில் 'அப்பா', அவ்வளவுதான். படம் தொடங்கும்போதே அப்பா செத்துப்போய்விட்டார். மூத்த மகளின் கல்யாணத்துக்குக் குடும்பம் வரிசையாக நிற்கிறது, சுவரில் அவர் புகைப்படம். அதற்குப் பிறகு அவர் வருவதெல்லாம் மற்றவர்களின் ஞாபகத்தில்தான். திரையில் இருப்பது கொஞ்ச நேரம், ஆனால் அவர் இல்லாத காட்சிகளிலும் வீட்டுக்குள் அவர் பயம் இருக்கிறது. குணச்சித்திர நடிகருக்கு விதிக்கப்பட்ட இந்தக் குறைந்த நேரத்தையே படம் தன் வடிவமாக்கிக்கொள்கிறது.

கிறிஸ்துமஸ் முந்தின இரவு, தூங்கும் பிள்ளைகளின் அறைக்குள் மெல்ல வந்து பரிசுகளை வைத்துவிட்டுப் பரிவோடு பார்க்கிறார். மறுநாள் சாப்பாட்டு மேசையில் பேசாமல் உட்கார்ந்திருக்கிறார். திடீரென்று மேசை விரிப்பைப் பிடித்து இழுக்கிறார். தட்டு, சாப்பாடு எல்லாம் தரையில். சுத்தம் பண்ணு என்று மனைவியைப் பார்த்துக் கத்துகிறார். இன்னொரு காட்சியில் குதிரையைத் தேய்த்துவிட்டுக்கொண்டே தனக்குத்தானே பாடுகிறார். பிள்ளைகள் மேலேயிருந்து சத்தமில்லாமல் பார்க்கிறார்கள். இந்த இரண்டு மனிதர்களுக்கும் இடையில் பாலமாக எந்த வசனமும் கிடையாது. ஏன் அடிக்கிறார் என்பதற்கு வறுமை, குடி, போர் என்று காரணம் சொல்லி நம்மை ஆசுவாசப்படுத்தவும் இல்லை. தொழிலாளியைப் புனிதராக்குகிற இடதுசாரிச் சித்திரிப்புகளுக்குப் பழகிப்போன நமக்கு இது சங்கடமான படம். வர்க்கத்தின் வன்முறையை வாங்கும் ஆண் அதை வீட்டுக்குக் கொண்டுவந்து பெண்ணின் உடம்பில் இறக்குகிறான். இதற்கு அவனது வறுமை காரணமாகலாம், மன்னிப்பாகாது. பாசில்த்வெயிட் அந்தத் தகப்பனுக்கு வக்காலத்து வாங்கவில்லை, அரக்கனாக்கி நம்மிடமிருந்து தள்ளி வைக்கவும் இல்லை.

ஐந்து வருடம் கழித்து இன்னொரு தகப்பன். ஜிம் ஷெரிடனின் 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்' (1993). 1974 அக்டோபரில் கில்ட்ஃபோர்டு நகர மதுக்கடைகளில் குண்டு வெடித்தது. ஐரிஷ் இளைஞன் ஜெரி கான்லனும் வேறு மூவரும் கைது செய்யப்பட்டார்கள். போலீஸ் காவலில் ஒப்புதல் வாக்குமூலங்கள் வாங்கப்பட்டன. மகனுக்கு வக்கீல் பார்க்க பெல்ஃபாஸ்டிலிருந்து லண்டன் வந்த தகப்பன் ஜிசெப்பே கான்லனையும் பிடித்துப் போட்டார்கள். கையில் வெடிமருந்துத் தடயம் இருந்ததாகச் சொன்ன பரிசோதனையை வைத்து, உறவினர்களோடு சேர்த்து 1976இல் அவருக்கும் தண்டனை. நுரையீரல் நோயாளியான அவர் 1980 ஜனவரியில் கைதியாகவே செத்தார். மகனுடைய வழக்கின் தீர்ப்பு 1989இலும், தகப்பன் சம்பந்தப்பட்ட வழக்கின் தீர்ப்பு 1991இலும் ரத்தாயின. 2005இல்தான் பிரிட்டிஷ் பிரதமர் மன்னிப்புக் கேட்டார்.

படத்தில் தகப்பனும் மகனும் ஒரே சிறை அறையில் இருக்கிறார்கள். நிஜத்தில் அப்படி இல்லை. இதை வைத்துக்கொண்டு படம் வந்தபோது பிரிட்டிஷ் பத்திரிகைகளில் சிலர் 'பொய்' என்று குதித்தார்கள். அப்பாவிகளைப் பதினைந்து வருடம் உள்ளே வைத்த பொய்யைவிட இந்தப் பொய் அவர்களுக்குப் பெரிதாகப் பட்டது. ஒரே அறை என்ற கற்பனை செய்யும் வேலை வேறு. மகன் வெளியே ஓடிப்போக நினைத்த அந்தச் சாதாரண, பக்தியுள்ள, பயந்த சுபாவமுள்ள அப்பாவை அவன் தினமும் பார்த்தாக வேண்டும். ஷெரிடனின் அரசியல் அங்கேதான் இருக்கிறது: மனு எழுதி எழுதி அனுப்பும் நோயாளித் தகப்பனின் பிடிவாதம், சிறையை எரிக்க நினைக்கும் கோபத்தைவிட நீண்ட நாள் தாங்குகிறது. அவர் இறந்த இரவில் கைதிகள் ஜன்னல்களிலிருந்து தீவைத்த காகிதங்களைக் கீழே விடுகிறார்கள். இந்த அரசியலோடு நமக்கு உடன்பாடு இல்லாமலிருக்கலாம். ஆனால் அதை நம்ப வைக்கிற சுமை முழுக்க பாசில்த்வெயிட்டின் தோள்பட்டையில் இருக்கிறது. அந்தத் தோள் படம் நெடுகக் கொஞ்சம் கூனியே இருக்கிறது.

இதில் ஒரு கணக்கைக் கவனியுங்கள். மகனாக நடித்த டேனியல் டே-லூயிஸ் 1957இல் பிறந்தவர். தகப்பனாக நடித்தவர் 1946இல் பிறந்தவர். வித்தியாசம் பதினொரு வருடம்! டேவிஸின் படத்தில் வளர்ந்த பிள்ளைகளின் அப்பாவாக வந்தபோதும் அவருக்கு நாற்பதுதான் ஆகியிருந்தது. நட்சத்திரத்துக்கு வயது ஏறாது. உழைக்கும் வர்க்கத்து மூஞ்சிக்குச் சீக்கிரமே ஏறிவிடும் என்பது சினிமாவின் கணக்கு. வெளியே ஆலைகளிலும் சுரங்கங்களிலும் அது நிஜமும்கூட என்பதுதான் கொடுமை.

4

அந்தப் படம் அவருக்குச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரையை வாங்கித் தந்தது. ஹாலிவுட் கதவு திறந்தது. மூஞ்சி அங்கே போய்ச் சேர்ந்தது, முகவரி போகவில்லை.

இதற்குச் சரியான உதாரணம் 'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' (1995). அதில் அவர் பெயர் கொபயாஷி. பெயர் ஜப்பானியம், ஆள் ஜப்பானியர் இல்லை, பேச்சு எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத ஓர் உச்சரிப்பு. கண்ணுக்குத் தெரியாத ஒரு பெரும் குற்றவாளியின் வக்கீல். படத்தின் கடைசியில், இதுவரை நாம் கேட்ட கதையே விசாரணை அறையில் கண்ணில் பட்ட சொற்களைக் கோத்துச் சொன்ன கதை என்று தெரிகிறது. 'கொபயாஷி' என்பது போலீஸ்காரர் காபி குடித்த கோப்பையின் அடியில் அச்சாகியிருந்த பெயர். பெயர் பொய். ஆனால் அதே மூஞ்சி கடைசிக் காட்சியில் கார் ஓட்டிக்கொண்டு வருகிறது. ஆக ஆள் மெய். குறிப்பான் ஒரு பக்கம், குறிப்பீடு ஒரு பக்கம் என்று சோசூரைப் படித்துவிட்டு நாம் மண்டையை உடைத்துக்கொள்கிற விஷயத்தை ஒரு வணிகப் படம் விளையாட்டாகச் செய்துகாட்டுகிறது. அமெரிக்க சினிமாவில் ஓர் அந்நிய மூஞ்சிக்கு என்ன மதிப்போ அதையும் தன்னையறியாமல் ஒப்புக்கொள்கிறது: கையில் கிடைக்கிற பெயரை ஒட்டலாம், ஒட்டினால் நிற்கும்.

1997இல் ஸ்பீல்பெர்க்கின் இரண்டு படங்கள். 'தி லாஸ்ட் வேர்ல்ட்'டில் ரோலண்ட் டெம்போ என்ற வேட்டைக்காரர். 'டெம்போ' என்றால் ஸ்வாஹிலியில் யானை. காலனியத்தின் பழைய வேட்டைக் கனவை ஒரு தொழிலாளி மூஞ்சியின் மேல் போர்த்தியிருக்கிறார்கள். 'அமிஸ்டட்'டில் அடிமைக் கப்பலில் கலகம் செய்த ஆப்பிரிக்கர்களுக்கு எதிராக வாதாடும் அரசு வக்கீல். உலகத்திலேயே சிறந்த நடிகர் இவர்தான் என்ற அர்த்தத்தில் ஸ்பீல்பெர்க் சொன்னதாக ஒரு பாராட்டு அப்போது பரவியது. தான் சிறந்த நடிகன் என்று பீட் நினைத்துக்கொண்டிருக்கிறான் என்றுதான் அவர் சொல்லியிருப்பார் என்று பாசில்த்வெயிட் பதிலுக்குச் சிரித்தார்.

இந்தப் படங்களில் அவர் மோசம் என்று சொல்ல வரவில்லை. பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் 'ஷார்ப்' வரிசையில் (1994) சார்ஜெண்ட் ஹேக்ஸ்வில்லாக, முகம் துடிக்கத் தன் தொப்பியோடு பேசுகிற வில்லனாக அவர் வருவதை ரசிக்காதவர் யார்? தொழில்காரர், கொடுத்த வேலையைச் சுத்தமாகச் செய்கிறார். கேள்வி அவரது திறமை பற்றியதல்ல. ஒரே மூஞ்சியைச் சந்தை எப்படி 'எங்கேயோ பிறந்த கெட்டவன்' ஆக்குகிறது, அதே மூஞ்சிக்கு ஊரும் தொழிலும் மொழியும் கிடைக்கும்போது எப்படி அது ஒரு மக்கள் கூட்டத்தின் சார்பில் நிற்கிறது என்பதே கேள்வி.

5

அப்படி நின்றது 1996இல். மார்க் ஹெர்மன் இயக்கி, சேனல் ஃபோர் பணத்தில் வந்த 'பிராஸ்ட் ஆஃப்'. யார்க்ஷயரின் நிலக்கரி ஊர்களில் சுரங்கத்துக்கு ஒரு பித்தளை வாத்தியக் குழு இருப்பது வழக்கம். கிரைம்தார்ப் சுரங்கக் குழு 1917இல் ஆரம்பித்தது. 1984 மார்ச் முதல் 1985 மார்ச் வரை நடந்த பெரும் வேலைநிறுத்தம் தோற்ற பிறகு சுரங்கங்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. 1992 அக்டோபரில் மிச்சமிருந்த ஐம்பதில் 31 சுரங்கங்களை மூடப்போவதாக அரசு அறிவித்தது. சுமார் 30,000 பேருக்கு வேலை போகும். அதே மாதம் கிரைம்தார்ப் குழு தேசியப் போட்டியில் முதல் பரிசு வாங்கியது. 1993இல் சுரங்கம் மூடப்பட்டது. படத்தின் கதைக்கு விதை இதுதான். படத்தில் ஊர்ப் பெயர் 'கிரிம்லி'. வாசிப்பது நிஜக் கிரைம்தார்ப் குழு.

பாசில்த்வெயிட் அதில் குழுவை நடத்தும் டேனி. நிலக்கரித் தூசியில் நுரையீரல் கெட்டுப்போன ஓய்வுபெற்ற தொழிலாளி. சுரங்கம் மூடுகிறதா இல்லையா என்று ஊரே வாக்களித்துக்கொண்டிருக்கும்போது இந்த ஆளுக்குச் சங்கீதம்தான் முக்கியம். சுருதி தப்பினால் கோபம் வருகிறது. சக மனிதன் வீட்டில் அடுப்பு எரியவில்லை என்பது கண்ணில் படவில்லை. சொந்த மகன் கடன்பட்டு, குழந்தைகளுக்குக் கோமாளி வேஷம் போட்டுப் பிழைத்து, கடைசியில் அந்த வேஷத்தோடேயே தூக்குப் போட்டுக்கொள்ளப் பார்க்கிறான். கலை கலைக்காக, கலை மக்களுக்காக என்று நம் பக்கங்களில் எத்தனை வருடமாய் அடித்துக்கொண்டிருக்கிறோம்! அந்த விவாதம் முழுவதும் இங்கே ஒரு கிழவனின் இருமலுக்குள் நடக்கிறது.

டேனி ஆஸ்பத்திரியில் கிடக்கும்போது, இரவில் குழுவினர் வெளியே நின்று, தலையில் சுரங்க விளக்கு எரிய, வாசிக்கிறார்கள். கடைசியில் லண்டன் ஆல்பர்ட் ஹாலில் ஜெயிக்கிறார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து எழுந்து வந்த டேனி மேடையேறிக் கோப்பையை வாங்க மறுக்கிறார். சங்கீதம்தான் முக்கியம் என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன், மனிதர்களுக்கு முன்னால் அது ஒன்றுமில்லை என்கிறார். அழிகிறது கடல்நாயோ திமிங்கலமோ என்றால் நீங்கள் எல்லாரும் கொதித்தெழுந்திருப்பீர்கள், இவர்கள் சாதாரண மனிதர்கள், அதனால்தான் சும்மா இருக்கிறீர்கள் என்கிற அர்த்தத்தில் பேசுகிறார்.

உணர்ச்சியைப் பிழிகிற காட்சி என்று இதைத் தள்ளிவிடலாம். ஆனால் படம் இரண்டு விஷயங்களைச் செய்கிறது. ஒன்று, கோப்பையை மறுத்த வீரத்துக்குப் பிறகு, கிளம்பும்போது குழுவில் ஒருவர் அதைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறார். தியாகத்தின் பெருமிதம் அங்கேயே கொஞ்சம் உடைகிறது. ஏழைகள் கோப்பையை ஏன் விட்டுவிட்டுப் போக வேண்டும்? இரண்டு, இந்த வார்த்தைகளைச் சொல்லும் பாசில்த்வெயிட் குரலை உயர்த்துவதில்லை. மூச்சு போதாத ஒருவரின் நிதானம் அது. இத்தனை வருடம் மற்றவர் கதைகளில் வந்துபோன மூஞ்சி, மேடை நடுவில் நின்று 'நாங்கள்' என்று சொல்கிறது.

அந்தக் குரல் படத்தோடு நிற்கவில்லை. அனார்கிஸ்ட் இசைக்குழுவான சம்பாவம்பாவின் 'டப்தம்பிங்' 1997இல் உலகம் முழுக்க ஓடிய பாட்டு. ஆல்பத்தில் உள்ள வடிவம் டேனியின் அந்தப் பேச்சிலிருந்து எடுத்த சில வாக்கியங்களோடுதான் தொடங்குகிறது. வானொலிக்காகக் குறைத்த வடிவத்தில் அது இல்லை. சந்தை எதை வெட்டுகிறது என்று பார்த்தாலே பாதி விமர்சனம் முடிந்துவிடும்.

6

இங்கே ஒரு முரண் வருகிறது, மறைக்க வேண்டியதில்லை. 2004இல் பாசில்த்வெயிட் பிரிட்டிஷ் அரசின் ஓபிஇ பட்டத்தை வாங்கிக்கொண்டார். டேனி கோப்பையை மறுத்தான், டேனியாக நடித்தவர் ராணியிடம் பட்டம் வாங்கினார். பாத்திரம் வேறு, ஆள் வேறு என்று சொல்லித் தப்பிக்கலாம். ஆனால் கதை அதோடு முடியவில்லை.

2009இல் ஃபிரானி ஆம்ஸ்ட்ராங் இயக்கிய 'தி ஏஜ் ஆஃப் ஸ்டூபிட்'. பூமி சூடாகி நாகரிகம் அழிந்த 2055ஆம் ஆண்டில், ஆர்க்டிக்கில் ஒரு கோபுரத்தில் தன்னந்தனியாக இருக்கும் ஆவணக் காப்பாளர், பழைய படச் சுருள்களைப் பார்த்து, தெரிந்திருந்தும் ஏன் நாம் நம்மைக் காப்பாற்றிக்கொள்ளவில்லை என்று கேட்கிறார். அவர் பாசில்த்வெயிட், சுருள்கள் நம் காலத்து நிஜ ஆவணங்கள். பெரிய கம்பெனி பணம் எதுவும் இல்லை. தனிநபர்களும் சிறு குழுக்களும் பங்கு போட்டு எடுத்த படம். அந்த மார்ச் மாத லண்டன் வெளியீட்டில், எரிசக்தித் துறை அமைச்சர் எட் மிலிபேண்டின் முன்னாலேயே, கிங்ஸ்நார்த்தில் புதிய நிலக்கரி மின்நிலையத்துக்கு அனுமதி கொடுத்தால் ஓபிஇயைத் திருப்பிக் கொடுத்துவிடுவேன் என்றார் அவர். அந்த மின்நிலையம் கட்டப்படவில்லை. ஒரு நடிகரின் மிரட்டலால் நின்றது என்று எழுதினால் அபத்தம். அதற்கு முன்பே புகைபோக்கியில் ஏறிக் கைதானவர்கள் இருக்கிறார்கள், 2008இல் அங்கே முகாம் அடித்துப் போராடியவர்கள் இருக்கிறார்கள். அவர் தன்னிடமிருந்த ஒரு பொருளை அந்தப் போராட்டத்தில் பணயமாக வைத்தார், அவ்வளவுதான்.

ஆனால் பெரிய கேள்வி இது: நிலக்கரிச் சுரங்கத்துக்காக அழ வைத்தவர் நிலக்கரி மின்நிலையத்தை எதிர்ப்பது எப்படி? திமிங்கலத்துக்கு அழுகிறவர்களைக் குத்திக் காட்டியவர் துருவப் பனிக்காக நிற்பது எப்படி? சுற்றுச்சூழல்காரர்களும் தொழிற்சங்கக்காரர்களும் ஒருவரையொருவர் எதிரியாகப் பார்க்கும் எந்த ஊரிலும் இந்தக் கேள்வி எழும். டேனியின் பேச்சைத் திரும்பக் கேட்டால் பதில் இருக்கிறது. அவர் நிலக்கரிக்காகப் பேசவில்லை. ஒரு தொழிலை மூடும் முடிவை யார் எடுக்கிறார்கள், அதை நம்பிய மக்களை எந்தக் கணக்கில் சேர்க்கிறார்கள் என்று பேசுகிறார். 1980களிலும் 90களிலும் சுரங்கங்களை மூடியவர்கள் பூமியைக் காப்பாற்றுவதற்காக மூடவில்லை. 2000களில் பிரிட்டன் இறக்குமதி செய்த நிலக்கரி உள்நாட்டு உற்பத்தியைத் தாண்டியது. கரி எரிந்துகொண்டுதான் இருந்தது, கரி வெட்டியவன் வீட்டில்தான் அடுப்பு அணைந்தது. அந்நாட்டின் கடைசி ஆழ்சுரங்கம் 2015இல் மூடியது. கடைசி நிலக்கரி மின்நிலையம் 2024இல்தான். மனிதனைக் கழித்துவிட்டுக் கரியை வைத்துக்கொள்வது ஒரு கணக்கு. கரியைக் கழித்து மனிதனை வைத்துக்கொள்வது இன்னொரு கணக்கு. பாசில்த்வெயிட் இரண்டாவது பக்கம் நின்றார் என்று வாசிப்பதில் முரண் இல்லை.

7

2008இல் அவர் எவ்ரிமேனுக்கே திரும்பி வந்து 'லியர் அரசன்' நடித்தார். ரூபர்ட் கூல்ட் இயக்கம். அந்த வருடம் லிவர்பூல் ஐரோப்பாவின் கலாச்சாரத் தலைநகரம். பெரிய நடிகர்கள் லண்டன் மேடையில் முடிசூடிக்கொள்ளும் பாத்திரம் அது. இவர் தான் தொழில் கற்ற பட்டறையில் செய்தார். பிறகுதான் அது லண்டன் போயிற்று. பெயரில்லாத அப்பா, ஜிசெப்பே, டேனி, லியர்: நான்கு தகப்பன்கள். முதல் மூவருக்கும் ராஜ்யம் இல்லை. நான்காமவர் ராஜ்யத்தை இழந்த பிறகுதான் மனிதராகிறார். 2010இல் 'இன்செப்ஷன்' படத்தில் படுக்கையில் கிடக்கும் கோடீஸ்வரத் தகப்பன். 2011 ஜனவரி 2 அன்று, கணையப் புற்றுநோயால், 64 வயதில் இறந்தார்.

அவருக்குப் பிறகு யார் என்ற கேள்வியைத் திறமைத் தேடலாக வைத்தால் பதில் கிடைக்காது. உதவித்தொகை போயிற்று, 1998இலிருந்து பிரிட்டிஷ் பல்கலைக்கழகங்களில் கட்டணம் வந்துவிட்டது. 'ப்ளே ஃபார் டுடே' 1984இலேயே நின்றது. சட்டன் டிரஸ்ட் 2016இல் வெளியிட்ட ஆய்வின்படி பாஃப்டா விருது பெற்ற நடிகர்களில் 42 சதவிகிதம் பேர் தனியார் பள்ளிகளில் படித்தவர்கள். நாட்டில் அப்பள்ளிகளில் படிப்பவர்கள் 7 சதவிகிதம்தான். தொழிலாளி பாத்திரங்கள் இனியும் எழுதப்படும். தொழிலாளியின் பேச்சை நன்றாகப் பழகிக்கொண்டவர்கள் அவற்றை நடிப்பார்கள். அவர்களும் நல்ல நடிகர்களாகவே இருக்கலாம். ஆனால் தன் தகப்பன் பீப்பாய் செய்ததைப் பார்த்த கண்கள் அந்தச் சட்டகத்துக்குள் இருக்காது.

எவ்ரிமேனின் பழைய கட்டடத்தை 2011இல் மூடி இடித்தார்கள். 2014இல் புதியது எழுந்தது. அதன் முகப்பில் 105 உலோகத் தகடுகள். ஒவ்வொன்றிலும் ஒரு லிவர்பூல்வாசி ஆளுயரத்தில் வெட்டப்பட்டிருக்கிறார்: நட்சத்திரங்கள் இல்லை, ஊர்க்காரர்கள். கட்டடக் கலைக்கான பெரிய பரிசு அதற்குக் கிடைத்தது, கிடைக்க வேண்டியதுதான். அந்த 105 பேரின் பிள்ளைகளில் யாராவது ஒருவர் அதற்குள்ளே நடிகராகச் சம்பளம் வாங்க என்னென்ன வேண்டும் என்பதுதான் இனி கேட்க வேண்டிய கேள்வி.